மூன்றாவது தோம்

ஆயுதப்படை மைதானத்துக்குப் பின்னால்
தகரக் கூரை போட்ட ஜூடோ கூடம்.
ஒரு வியாழக்கிழமை வந்து நின்றாள் யசோதரா.
பர்கூர் கிரானைட் கம்பெனியில் கணக்கு எழுதுகிறவள்.
பதினெட்டு வருஷமாகப் பரதம்.
"விழக் கத்துக்கணும்" என்றாள்.

நான் வேடியம்மாள், இரண்டாம் நிலைக் காவலர்,
காவல்துறை விளையாட்டில் ஒரு வெண்கலம்.
அடுத்தவரைத் தூக்கி எறியவென்று வந்தவர்கள் உண்டு.
விழுவதற்கென்றே வந்தவள் இவள்தான்.

முதல் வாரம் அவள் விழவில்லை.
அவள் சம்மதித்தாலும் தொடைகள் சம்மதிக்கவில்லை.
அரைமண்டியில் ஊறிய தொடைகள்;
பிடித்து இழுத்தால்
இன்னும் கொஞ்சம் கீழே உட்கார்ந்துகொள்ளும்.
சையத் பாஷா மலைக்குக் கயிறு கட்டி இழுத்தமாதிரி
எனக்குத்தான் மூச்சு வாங்கியது.

"தாடையை நெஞ்சில் வை. தொப்புளைப் பார்.
முதுகு போய்ச் சேரும்போதே
உள்ளங்கை பாயில் அறையணும்."

அறைந்தாள்.
எழுந்து உட்கார்ந்து, சிவந்த கையை
டியூப்லைட்டில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.
விரல்கள் ஒட்டி, கட்டைவிரல் மடங்கி.
"அக்கா, இது பதாகம்.
ஆறு வயசுல கத்துக்கிட்ட முதல் முத்திரை.
இதுக்குள்ள இவ்வளவு சத்தம் இருக்குன்னு
எனக்கு யாரும் சொல்லலை."

ராயக்கோட்டை சாலை முனையில்
லாரிகளை நிறுத்தும்போது
நானும் தினம் அதைத்தான் பிடிக்கிறேன் போல.

எதற்கு இதெல்லாம் என்று ஒருநாள் கேட்டேன்.
கைபேசியில் ஒரு நடுகல் காட்டினாள்.
கரும்புத் தோட்டத்து வரப்பில் பாதி புதைந்தது.
"தொறு மீட்டுப் பட்டான். எழுத்து இவ்வளவுதான்.
மாட்டை மீட்டான், விழுந்தான்.
நாங்க பட்டவனை எப்படிக் காட்டுவோம் தெரியுமா?
கண்ணை மூடி, தலையைச் சாய்ச்சு,
மடிப்புக் கலையாம.
அவன் அப்படியா விழுந்திருப்பான்?"

எங்கள் குலசாமியும் அப்படி ஒரு கல்தான்.
என் பெயரே அதன் பெயர்தான்.
நான் சொல்லவில்லை.
"இன்னொரு தடவை" என்று காலைத் தட்டிவிட்டேன்.

ஜூனில் மாங்கனிக் கண்காட்சி.
மிமிக்ரி முடிந்து
செந்தூராவுக்குப் பரிசு தருவதற்கு முன்
அவளுக்குப் பன்னிரண்டு நிமிஷம்.
எனக்கு மேடையோரம் பந்தோபஸ்து.
பலகை மேல் சிவப்புக் கம்பளம், அவ்வளவுதான்.
பாய் வேண்டாம் என்றுவிட்டாள்.

மாடுகளை ஓட்டிப் போனார்கள்; கண்ணாலேயே ஓட்டினாள்.
துரத்தினாள். நாண் இழுத்தாள்.
ஒலிபெருக்கியில் அவள் பதிந்து வைத்த குரல்:
தத்திங்கிணதோம்.
தோமில் முதுகு தரையில்.
முன்வரிசையில் ஒரு அம்மாள்
"ஐயோ, வழுக்கிருச்சு" என்று எழுந்துவிட்டார்.
108 வண்டிப் பையன் ஓடி வந்து
பாதி வழியில் வெட்கப்பட்டு நின்றான்.

எழுந்தாள்.
தத்திங்கிணதோம்.
இந்தமுறை பக்கவாட்டில், முழங்கை தேய.
பெங்களூரா கூடைகளுக்குப் பின்னால் ஒரு குழந்தை
நாற்காலியில் அறைந்து பார்த்துக்கொண்டது.

மூன்றாவது.
தத்திங்கிண

குரல் அங்கே நின்றுவிட்டது.
ஒத்திகையில் மூன்று தடவையும் விழுந்தவள்
நின்றாள்.
ஒரு கால் மடக்கி, வில் கை நீட்டி,
கண் இமைக்காமல்,
வரப்பில் அது நின்றபடியே.
சத்தமே இல்லை. சுண்டல்காரர் கூட
மணியைப் பிடித்துக்கொண்டிருந்தார்.
அந்த இடத்தில் ஒரு தோம் பாக்கி இருந்தது.
என் உடம்பெல்லாம் அது பாக்கி இருந்தது.

லத்தி பலகையில் இறங்கியது.

இன்ஸ்பெக்டர் மெல்லத் திரும்பினார்.
அதற்குள் கூட்டம் கைதட்டிவிட்டது.

மேடைக்குப் பின்னால் முழங்கைக்கு ஐஸ் வைத்தேன்.
"மூணாவதை யாருக்கா அடிச்சது?
அங்க நான் ஒண்ணுமே வைக்கலையே" என்றாள்.
கோபமா என்று கண்டுபிடிக்க முடியவில்லை.

திங்கள்கிழமை விளக்கம் கேட்டு ஒரு தாள் வந்தது.
லத்தி கை நழுவி விழுந்தது
என்று எழுதிக் கொடுத்திருக்கிறேன்.